சேனல் நம்பர் அரசியல்

எந்த டிவி எந்தக் கட்சிக்காரருடையது என்பது தமிழ்நாட்டில் ரகசியம் இல்லை. சன் மாறன் குடும்பத்துடையது. கலைஞர் டிவி பெயரிலேயே சொல்லிவிடும். ஜெயா டிவி 1999-இல் அ.தி.மு.க.வுக்காக வந்து, கட்சி உடைந்தபோது சசிகலா தரப்பிடம் தங்கிவிட்டது. அந்த இடத்தை நிரப்ப 2018-இல் நியூஸ் ஜெ வந்தது. பா.ம.க.வுக்கு மக்கள், தே.மு.தி.க.வுக்கு கேப்டன், காங்கிரஸ்காரர்களுக்கு வசந்த், மெகா, வி.சி.க.வுக்கு வெளிச்சம் என்று பட்டியல் நீளும். புதிய தலைமுறைக்குப் பின்னால் எஸ்.ஆர்.எம். குழுமம், நியூஸ்18 தமிழ்நாட்டுக்குப் பின்னால் ரிலையன்ஸ்.

இதைத் தெரிந்துகொண்டவுடன் ஊடக அரசியல் புரிந்துவிட்டதாக நாம் நினைத்துக்கொள்கிறோம். முதலாளி யார் என்று தெரிந்தால் செய்தி எப்படிச் சாயும் என்று கணிக்கலாம், சரிதான். ஆனால் அந்தச் செய்தி உங்கள் வீட்டு டிவி வரை வருமா என்பதை முதலாளி முடிவு செய்வதில்லை. வானத்திலிருந்து இறங்கும் சிக்னலுக்கும் உங்கள் வீட்டுச் சுவருக்கும் நடுவே இரண்டு மூன்று பேர் நிற்கிறார்கள். 1990-களிலிருந்து தமிழ்நாட்டில் நடந்த பெரிய ஊடகச் சண்டைகளில் பெரும்பாலானவை அந்த நடுவழியைக் கைப்பற்றத்தான் நடந்தன. ஆசிரியரை மிரட்டினால் அது செய்தியாகிவிடும். சேனலின் நம்பரை மாற்றினால் கேபிள்காரருக்கு நாலு போன் வரும், அதோடு முடிந்தது.

வழியை முதலில் பார்த்துவிடலாம். சேனல் தன் நிகழ்ச்சியைச் செயற்கைக்கோளுக்கு ஏற்றுகிறது. அதைப் பெரிய டிஷ் வைத்து இறக்குவது எம்.எஸ்.ஓ. எனப்படும் பெரிய நிறுவனம், சன் குடும்பத்தின் எஸ்.சி.வி. (சுமங்கலி கேபிள் விஷன்), தமிழ்நாடு அரசின் அரசு கேபிள், வி.கே. டிஜிட்டல், டி.சி.சி.எல். எல்லாம் இந்த வகை. இறக்குகிற இடத்துக்கு ஹெட்எண்ட் என்று பெயர். அங்கே ஒவ்வொரு சேனலுக்கும் ஒரு ரிசீவர், அதிலிருந்து என்கோடர், பல சேனல்களை ஒன்றாகக் கட்டும் மல்டிபிளெக்ஸர், பூட்டுப் போடும் கருவி, கடைசியில் மாடுலேட்டர். அங்கிருந்து கண்ணாடி இழை வழியாகத் தெருமுனை நோடுக்கு வந்து, பிறகு கறுப்புக் கோஆக்சியல் ஒயரில் வீட்டுக்குள் நுழைகிறது. நோடுக்குப் பிறகு எல்லாம் எல்.சி.ஓ. என்கிற உள்ளூர் கேபிள்காரர் பொறுப்பு. மாதம் வந்து காசு வாங்குபவர் அவர்தான். நாம் திட்டுவதும் அவரைத்தான். எந்த சேனல் வரும், எந்த நம்பரில் வரும் என்பதில் அவருக்குச் சொல் ஏதும் இல்லை.

அனலாக் காலத்தில் கதை வேறு, கருவி வேறு. ஒரு சேனலுக்கு 7 அல்லது 8 மெகாஹெர்ட்ஸ் இடம் தேவை. 47 மெகாஹெர்ட்ஸில் தொடங்கும் கீழ் அலைவரிசையில் சில சேனல்கள், 174 முதல் 230 வரை இன்னும் சில, அவற்றுக்கு மேலே 470-ஐத் தாண்டி யு.எச்.எஃப். அப்போது வீட்டிலிருந்த பழைய டிவி பலவற்றில் எட்டோ பன்னிரண்டோ பொத்தான்கள்தான். மேல் அலைவரிசையைப் பிடிக்காத பெட்டிகளும் ஏராளம். இதோடு ஒயரின் குணமும் சேர்ந்துகொள்ளும். வீடுகளுக்கு இழுக்கும் ஆர்.ஜி.6 ஒயரில் 100 மீட்டருக்கு 55 மெகாஹெர்ட்ஸ் சிக்னல் சுமார் 5 டெசிபெல் இழக்கிறது. அதே தூரத்தில் 550 மெகாஹெர்ட்ஸ் சிக்னல் 16 டெசிபெல் வரை இழக்கிறது. நடுவில் ஆம்ப்ளிஃபையர் வைத்தால் சிக்னலோடு இரைச்சலும் பெருகும். ஆகவே வரிசையின் கடைசி வீட்டில் கீழ் அலைவரிசைச் சேனல் பளிச்சென்று இருக்கும், மேலே இருக்கும் சேனலில் பனி கொட்டும். யாரையும் தடை செய்யவே வேண்டாம். எதிரிக் கட்சியின் சேனலை மேலே ஏற்றிவிட்டால் போதும், பார்ப்பவரே 'இது சரியாத் தெரியலப்பா' என்று விட்டுவிடுவார். பிரைம் பேண்ட் எனப்பட்ட கீழ் அலைவரிசையில் இடம் பிடிக்க சேனல்கள் எம்.எஸ்.ஓ.வுக்குப் பணம் கட்டியதும் இதனால்தான். கேபிளில் ஏற்றுவதற்கான கேரேஜ் ஃபீஸ், நல்ல இடத்துக்கான பிளேஸ்மென்ட் ஃபீஸ் எல்லாம் அங்கே பிறந்தவை.

சன் டிவி 1993 ஏப்ரல் 14 அன்று தொடங்கியது. அதே குடும்பத்தின் சுமங்கலி கேபிள் விஷன் சென்னையில் தொடங்கி மற்ற நகரங்களுக்கும் பரவியது. நிகழ்ச்சி தயாரிப்பவரும் அதைக் கொண்டுபோய்ச் சேர்ப்பவரும் ஒரே வீட்டுக்காரர் என்றால் இரண்டு பக்கமும் கூர் உள்ள கத்தி அவர் கையில் இருக்கிறது என்று பொருள். போட்டி சேனலுக்குத் தன் கேபிளில் இடம் தராமல் இழுக்கலாம். போட்டி கேபிளுக்குத் தன் சேனலைத் தராமல் இழுக்கலாம். சன் டிவி வராத கேபிளைத் தமிழ்நாட்டில் யார் வாங்குவார்? இந்த இரண்டாவது கூரை மழுக்கத்தான், ஒளிபரப்பையும் கவனிக்கும் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2004 டிசம்பரில் விதி கொண்டுவந்தது: கேட்கிற எல்லா விநியோகஸ்தருக்கும் பாரபட்சமின்றி சேனல் தந்தாக வேண்டும். விதி வந்தது. 'பாரபட்சமின்றி' என்றால் என்ன விலை, எத்தனை நாளில் என்ற பஞ்சாயத்து அதற்குப் பிறகும் பல வருடம் ஓடியது.

2006 ஜனவரியில் ஜெயலலிதா அரசு ஒரே அடியில் முடிக்கப் பார்த்தது. பெரிய கேபிள் நிறுவனங்களை அரசே எடுத்துக்கொள்ளும் மசோதா சட்டமன்றத்தில் நிறைவேறியது. இலக்கு எஸ்.சி.வி. என்பதை யாரும் மறைக்கவில்லை. அப்போது தயாநிதி மாறன் மத்தியத் தகவல் தொடர்பு அமைச்சர். ஆளுநர் சுர்ஜித் சிங் பர்னாலா கையெழுத்திடாமல் மசோதாவைக் குடியரசுத் தலைவருக்கு அனுப்பினார். மே மாதம் ஆட்சி மாறியது, மசோதா சட்டமாகவில்லை.

அடுத்த ஆண்டே அதே ஆயுதத்தைத் தி.மு.க. அரசு கையில் எடுக்கும் என்று அப்போது யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பார்கள். 2007 மே 9 அன்று, கருணாநிதியின் அரசியல் வாரிசு பற்றி மாறன் குடும்பத்தின் தினகரன் நாளிதழ் வெளியிட்ட கருத்துக்கணிப்பைத் தொடர்ந்து அதன் மதுரை அலுவலகம் தாக்கப்பட்டது; மூன்று ஊழியர்கள் இறந்தார்கள். சில நாட்களில் தயாநிதி அமைச்சரவையிலிருந்து வெளியேறினார். செப்டம்பர் 15-இல் கலைஞர் டிவி தொடங்கியது, அக்டோபரில் அரசு கேபிள் டிவி கார்ப்பரேஷன் பதிவானது. புது சேனலுக்குப் புது வழி வேண்டும் என்ற கணக்கு தெளிவாகவே தெரிந்தது. தஞ்சாவூர், கோவை, திருநெல்வேலி, வேலூர் எனப் பல ஊர்களில் ஹெட்எண்ட் அமைத்தார்கள்.

அதன் பிறகு நடந்ததில்தான் பாடம் அதிகம். 2008 டிசம்பரில் கருணாநிதி குடும்பமும் மாறன் குடும்பமும் சமாதானமாயின. கோடிக்கணக்கில் செலவழித்து வாங்கிய கருவிகள் அப்படியே தூங்கின. அரசு கேபிளின் நிர்வாக இயக்குநராக இருந்த ஐ.ஏ.எஸ். அதிகாரி சி. உமாசங்கர், தங்கள் கேபிள்கள் வெட்டப்பட்டன என்றும் நடவடிக்கை எடுக்கச் சொல்லித் தான் எழுதியதாகவும் பின்னாளில் வெளிப்படையாகவே சொன்னார். வேறொரு காரணம் காட்டி 2010-இல் அவரைப் பணியிடை நீக்கம் செய்தார்கள், பிறகு திரும்ப எடுத்துக்கொண்டார்கள். பொது நிறுவனம் என்ற பெயரில் இருந்த ஒன்று ஒரு குடும்பத்தின் கோபத்தில் பிறந்து, அந்தக் கோபம் தணிந்ததும் படுத்துக்கொண்டது.

2011-இல் ஆட்சிக்கு வந்த ஜெயலலிதா அந்தத் தூங்கிய நிறுவனத்தை எழுப்பினார். செப்டம்பர் 2 அன்று சேவை தொடங்கியது. வீட்டுக்கு மாதம் 70 ரூபாய். அதில் கேபிள்காரர் அரசுக்குக் கட்ட வேண்டியது 20 மட்டும், மீதி 50 அவருக்கு. தனியார் எம்.எஸ்.ஓ.விடம் இப்படி ஒரு பங்கு அவருக்குக் கிடைத்ததில்லை. கேபிள்காரர்கள் கூட்டம் கூட்டமாக மாறியதற்கு மிரட்டல் தேவைப்படவில்லை, அந்த 50 ரூபாய் போதுமானதாக இருந்தது. தொடக்கத்தில் சன் குழுமத்தின் கட்டணச் சேனல்கள் அதில் இல்லை. இருந்தும் நிறுவனம் வளர்ந்தது. மாநிலத்தின் மிகப் பெரிய கேபிள் வலை அரசாங்கத்தின் கைக்கு வந்தது இப்படித்தான். விலையைக் குறைத்ததில் மக்களுக்கு லாபம் என்பதை மறுக்க முடியாது. அதே கையில் சேனல் வரிசையும் போய்ச் சேர்ந்தது என்பதை அப்போது கேட்டவர்கள் குறைவு.

டிராய் கேட்டது. மாநில அரசுகளும் அரசியல் கட்சிகளும் ஒளிபரப்பிலோ விநியோகத்திலோ இறங்கக் கூடாது என்று 2008-இல் பரிந்துரைத்தது, 2012-இல் திரும்பவும் சொன்னது, 2014 ஆகஸ்டில் ஊடக உடைமை பற்றிய பரிந்துரைகளில் மூன்றாவது முறையாகச் சொன்னது. எந்த மத்திய அரசும் அதைச் சட்டமாக்கவில்லை. பூட்டைப் போடாமல் சாவியை மட்டும் கையில் வைத்திருப்பதில் டெல்லிக்கு ஒரு வசதி இருக்கிறது. அனலாக் முடிந்து டிஜிட்டலுக்கு மாறும்போது ஒவ்வொரு எம்.எஸ்.ஓ.வும் மத்திய அரசிடம் புதிய உரிமம் வாங்க வேண்டும். அரசு கேபிள் 2012-இல் விண்ணப்பித்தது. ஜெயலலிதா பிரதமருக்குக் கடிதம் மேல் கடிதம் எழுதினார். உரிமம் வந்தது 2017 ஏப்ரலில், அவர் இறந்த பிறகு, அதுவும் தற்காலிக உரிமமாக. டிராயின் பரிந்துரை நடுவில் மாறவில்லை. சென்னைக்கும் டெல்லிக்கும் இடையிலான உறவு மாறியிருந்தது.

எஸ்.சி.வி.க்கும் அதே சாவி சுழன்றது. 2014 ஆகஸ்டில், உள்துறை அமைச்சகம் பாதுகாப்பு ஒப்புதல் தரவில்லை என்ற ஒரே காரணத்தால் எஸ்.சி.வி.யை நடத்தும் கல் கேபிள்ஸ் நிறுவனத்தின் உரிமத்தைத் தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் ரத்து செய்தது. அடுத்த மாதமே சென்னை உயர் நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்தது. இதே 'பாதுகாப்பு ஒப்புதல்' காரணத்தால் மலையாளச் செய்திச் சேனல் மீடியா ஒன் 2022 ஜனவரியில் நிறுத்தப்பட்டது. காரணம் என்ன என்று சேனலுக்கே சொல்லாமல் மூடிய உறையில் நீதிமன்றத்திடம் கொடுத்தார்கள். 2023 ஏப்ரல் 5 அன்று உச்ச நீதிமன்றம் அந்த முறையையே கண்டித்து, தடையை நீக்கியது. இரண்டு வழக்கிலும் நிறுவனம் ஜெயித்தது. இரண்டிலும் வழக்குச் செலவைத் தாங்கும் சக்தி அவர்களிடம் இருந்தது என்பதையும் கவனிக்க வேண்டும்.

டிஜிட்டல் வந்தால் எல்லாம் சரியாகிவிடும் என்றார்கள். கணக்குப்படி சரியாகியிருக்க வேண்டும். முன்பு ஒரு சேனல் உட்கார்ந்திருந்த 8 மெகாஹெர்ட்ஸில் இப்போது விநாடிக்கு சுமார் 38 மெகாபிட் போகும். எம்பெக்-4 என்ற சுருக்க முறையில் சாதாரணச் சேனலுக்கு ஒன்றரை முதல் இரண்டு மெகாபிட் போதும், ஆக ஒரே இடத்தில் 20 சேனல். பழைய எம்பெக்-2 கருவிகளை வைத்துக்கொண்டு ஓட்டும் ஹெட்எண்டில்கூடப் பத்து சேனலாவது ஏறும். 'இடமில்லை' என்ற சாக்கு செத்துவிட்டது. கடைசி வீட்டுப் பனியும் போய்விட்டது: டிஜிட்டலில் படம் வரும், அல்லது கட்டம் கட்டமாக உடையும்.

இட நெருக்கடி தீர்ந்ததும் கவனத்துக்கு நெருக்கடி வந்தது. ஐந்நூறு சேனல் உள்ள பெட்டியில் ரிமோட்டைக் கீழே கீழே அழுத்துகிற விரல் எங்கே களைக்கும்? செய்திச் சேனல்கள் வரிசையாக இருக்கும் பகுதியில் உங்கள் சேனல் இருந்தால் பேருந்து நிலைய வாசலில் கடை போட்ட மாதிரி. அந்த வரிசையிலிருந்து எடுத்து வேற்று மொழிச் சேனல்களுக்குப் பின்னால் வைத்தால் கடை இருக்கும், ஆள் வராது.

2018 ஜூனில் கோவையில் புதிய தலைமுறை நடத்திய விவாத நிகழ்ச்சி தொடர்பாக அந்த சேனல் மீதே காவல்துறை வழக்குப் பதிந்தது. அதே நாட்களில் அரசு கேபிளில் அந்த சேனல் முன்வரிசையிலிருந்து பின்வரிசைக்குத் தள்ளப்பட்டது. அப்போது எதிர்க்கட்சியாக இருந்த தி.மு.க. கண்டித்தது. கரூரில் 2025 செப்டம்பர் 27 அன்று நெரிசலில் மக்கள் இறந்த சம்பவத்துக்குப் பிறகு, அக்டோபரில், அதே சேனல் அரசு கேபிளில் தெரியவில்லை என்ற புகார் எழுந்தது. இந்த முறை ஆட்சி தி.மு.க., கண்டித்தது அ.தி.மு.க.வும் பா.ஜ.க.வும். ஏழு ஆண்டு இடைவெளியில் வசனம் மாறவில்லை, பேசுகிற நடிகர்கள் மட்டும் இடம் மாறிக்கொண்டார்கள். எல்லாக் கட்சிகளும் எதிர்க்கட்சியாக இருக்கும்போது அரசு கேபிளின் சேனல் வரிசையை எதிர்க்கின்றன. அந்த வரிசையைத் தன்னாட்சி உள்ள ஒரு குழுவிடம் ஒப்படைப்போம் என்று ஆட்சிக்கு வந்த யாரும் செய்து காட்டவில்லை.

விதி இல்லையா? இருக்கிறது. டிராயின் 2017 ஒழுங்குமுறைப்படி ஒரு சேனலுக்குக் கொடுத்த நம்பரைக் குறைந்தது ஓராண்டு மாற்றக் கூடாது. ஒரே வகைச் சேனல்களை ஒரே இடத்தில் வைக்க வேண்டும். இடம் இருந்தால் கேட்கிற சேனலை ஏற்றியே ஆக வேண்டும். கேரேஜ் ஃபீஸ் கட்டணப் பட்டியலை வெளிப்படையாகப் போட வேண்டும்: 2024-இல் திருத்தும் வரை சாதாரணச் சேனலுக்கு மாதம் ஒரு சந்தாதாரருக்கு அதிகபட்சம் 20 காசு. எம்.எஸ்.ஓ.வின் வாடிக்கையாளர்களில் 5 சதவீதத்துக்கும் குறைவானவர்கள் எடுத்த சேனல் அப்போது முழுக் கட்டணம் கட்ட வேண்டியிருந்தது; 5 முதல் 10 வரை முக்கால், 15 வரை பாதி, 20 வரை கால், அதற்கு மேல் ஒன்றுமில்லை. 2020 திருத்தத்தில் ஒரு சேனல் ஒரு எம்.எஸ்.ஓ.வுக்குக் கட்டுவது மாதம் 4 லட்சம் ரூபாய் என்ற உச்ச வரம்பும் வந்தது. 20 காசு வீதம் பார்த்தால் 20 லட்சம் பெட்டியில் அந்த வரம்பு தொட்டுவிடும்.

இந்த அமைப்பைக் கொஞ்சம் உற்றுப் பாருங்கள். பார்வையாளர் அதிகமுள்ள சேனல் எதுவும் கட்ட வேண்டாம், புதிதாக வரும் சிறிய சேனல் முழுதும் கட்ட வேண்டும். ஒரு எம்.எஸ்.ஓ.வுக்கு 4 லட்சம் என்றால் ஐந்தாறு பேருக்குக் கட்டுவதற்குள் சிறிய செய்திச் சேனலின் நிருபர் சம்பளம் முழுதும் போய்விடும். மேலும் இந்த வரம்பு கேரேஜுக்குத்தான். 'மார்க்கெட்டிங் ஒப்பந்தம்' என்ற பெயரில் நல்ல நம்பருக்கும் லேண்டிங் பேஜுக்கும் கைமாறும் பணத்துக்கு வரம்பு இல்லை.

லேண்டிங் பேஜ் என்றால் பெட்டியைப் போட்டதும் தானாக வந்து நிற்கும் சேனல். நீங்கள் தேர்ந்தெடுக்காத சேனல் உங்கள் வீட்டில் ஓடும்; ரிமோட்டைத் தேடும் நேரமும் பார்வை நேரக் கணக்கில் ஏறப் பார்க்கும். டிராய் 2018 டிசம்பரில் இதைத் தடை செய்தது, தொலைத்தொடர்பு, ஒளிபரப்புத் தகராறுகளை விசாரிக்கும் டி.டி.சாட் தீர்ப்பாயம் 2019-இல் அந்தத் தடையை ரத்து செய்தது, பழக்கம் தொடர்கிறது. ரேட்டிங் எடுக்கும் பார்க் நிறுவனம் இப்படி ஏறும் கணக்கை வடிகட்டுவதாகச் சொல்கிறது. அந்த ரேட்டிங்கின் அடித்தளம் 2025 கணக்குப்படி நாடு முழுவதும் சுமார் 58,000 வீட்டு மீட்டர்கள். டிவி உள்ள வீடுகள் சுமார் 23 கோடி. ஒரு மீட்டர் ஏறக்குறைய 4,000 வீட்டுக்குப் பதில் சொல்கிறது. எண்ணிக்கை குறைவு என்பதாலேயே மீட்டர் இருக்கும் வீட்டைக் கண்டுபிடித்து வளைப்பது லாபகரமான தொழிலாகிறது; 2020 அக்டோபரில் மும்பை போலீஸ் பதிந்த வழக்குக்குப் பிறகு செய்திச் சேனல் ரேட்டிங் 2022 மார்ச் வரை நிறுத்திவைக்கப்பட்டதற்கும் இதுதான் பின்னணி. விளம்பரதாரர் இந்த எண்ணைப் பார்த்துத்தான் காசு தருகிறார். நம்பர் கீழே போனால் பார்வை குறையும், ரேட்டிங் குறையும், விளம்பரம் குறையும். மூன்றாவது மாதம் சேனல் அலுவலகத்திலிருந்தே யாராவது சமாதானம் பேசக் கிளம்பிவிடுவார். அரசு விளம்பரத்தை நிறுத்துவது இதற்கு மேல் ஒரு தட்டு.

கேபிள்காரர் ஏன் எதிர்க்க மாட்டார் என்பதற்கு அவருடைய வருமானத்தைப் பார்க்க வேண்டும். 19 ரூபாய்ச் சேனல் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். 80 சதவீதம், அதாவது 15 ரூபாய் 20 காசு, சேனலுக்குப் போகிறது. மீதி 3 ரூபாய் 80 காசில், தனி ஒப்பந்தம் இல்லையென்றால் எம்.எஸ்.ஓ.வுக்கு 55 சதவீதம், கேபிள்காரருக்கு 45: அவர் கைக்கு 1 ரூபாய் 71 காசு. அடிப்படைக் கட்டணமும் இதே 55-45 விகிதத்தில் இருவருக்கும் பிரியும். பெட்டியைத் திறந்து மூடும் சாவி முழுக்க எம்.எஸ்.ஓ.விடம். ஒயர் தொங்குவது மின்வாரியக் கம்பத்திலோ உள்ளாட்சிக் கம்பத்திலோ. அறுத்துப் போட ஒரு லைன்மேன் போதும். கேபிள் சட்டப்படி ஆட்சியரும் காவல்துறை உயரதிகாரிகளும் கருவிகளைப் பறிமுதல் செய்யலாம். தலைமை அஞ்சலகத்தில் 500 ரூபாய் கட்டி ஆண்டுதோறும் புதுப்பித்த பதிவு, 2025 ஜனவரியிலிருந்து மத்திய அமைச்சகத்தின் இணையதளத்துக்குப் போய்விட்டது: ஐந்து ஆண்டுக்கு 5,000 ரூபாய். இத்தனை கைகளுக்கு நடுவே தொழில் செய்பவரிடம் ஊடக சுதந்திரம் பற்றி எதிர்பார்ப்பது நியாயமில்லை.

எம்.எஸ்.ஓ.வே சாவியை இழப்பதும் உண்டு. 2022 நவம்பரில் அரசு கேபிளின் லட்சக்கணக்கான பெட்டிகள் ஒரே நேரத்தில் இருண்டன. மென்பொருள் வழங்கிய தனியார் நிறுவனத்துடனான தகராறே காரணம் என்றது அரசு கேபிள். அமைச்சரும் அதிகாரியும் ஒரு பக்கம் இருக்க, பூட்டுக் குறியீடு யாருடைய சர்வரில் இருக்கிறதோ அவர் நினைத்தால் மாநிலத்தின் டிவியை அணைக்க முடிந்தது.

சரி, ஒரு சேனல் காணவில்லை. கோளாறா, கைவேலையா என்று வீட்டில் உட்கார்ந்தபடியே ஓரளவு கண்டுபிடிக்கலாம். முதலில் அதே சேனல் டி.டி.எச். வைத்திருக்கும் பக்கத்து வீட்டில் வருகிறதா, யூடியூப் நேரலையில் ஓடுகிறதா என்று பாருங்கள். ஓடினால் சேனல் உயிரோடு இருக்கிறது. அடுத்து உங்கள் பெட்டியில் என்ன எழுதி வருகிறது என்று கவனியுங்கள். 'சப்ஸ்கிரைப் செய்யவில்லை' என்று வந்தால் பொக்கே எனப்படும் சேனல் தொகுப்பிலிருந்து எடுத்திருக்கிறார்கள். 'சிக்னல் இல்லை' என்று வந்தால் ஒயர் மேல் பழி போடுவார்கள். அதைச் சோதிக்க ஒரு வழி இருக்கிறது: பல பெட்டிகளில் இன்ஃபோ பொத்தானை அழுத்தினால் அலைவரிசை எண் தெரியும். அந்த சேனல் முன்பு இருந்த அலைவரிசையிலேயே உள்ள மற்ற சேனல்கள் நன்றாக ஓடினால் ஒயரில் கோளாறு இல்லை. ஒரே அலைவரிசையில் வரும் இருபது சேனலில் ஒன்றை மட்டும் ஒயர் விழுங்காது. மழையைச் சொன்னாலும் நம்ப வேண்டாம். மழைக்குத் தடுமாறுவது டி.டி.எச். பயன்படுத்தும் கே.யு. பேண்ட். ஹெட்எண்டுகள் பெரும்பாலும் சி பேண்டில் இறக்குகின்றன, அதை மழை அதிகம் தொடாது.

சேனலே இல்லையென்றால் முழு ஸ்கேன் போட்டுப் பாருங்கள். நம்பர் மாற்றியிருந்தால் எங்கோ ஐந்நூறுக்குப் பக்கத்தில் கிடைக்கும். கிடைத்தும் படம் மட்டும் மங்கி, வேகமான காட்சிகளில் கட்டம் கட்டமாக உடைந்தால், மற்ற சேனல்கள் தெளிவாக இருந்தால், அதற்குத் தரும் மெகாபிட்டைக் குறைத்திருக்கலாம். இது நிரூபிக்க மிகக் கடினமான வகை. பழைய பழுதான என்கோடரும் இதே விளைவைத் தரும் என்பதால் உடனே சதி என்று முடிவு கட்டக் கூடாது.

முக்கியமான சோதனை ஸ்க்ரோல். பணத் தகராறோ வேறு எதுவோ, ஒரு சேனலைத் துண்டிக்க மூன்று வார எழுத்துபூர்வ அறிவிப்பு வேண்டும். 15 நாளுக்கு முன் திரையில் ஓடும் எழுத்தாகப் பார்வையாளருக்குச் சொல்ல வேண்டும். அப்படி எதுவும் ஓடாமல் நேற்று இரவு இருந்தது இன்று காலை இல்லை என்றால், விதிப்படி நடந்த துண்டிப்பு இல்லை அது. எம்.எஸ்.ஓ. வாடிக்கையாளர் எண்ணில் புகார் கொடுத்து டாக்கெட் எண் (புகார் எண்) வாங்குங்கள், பதில் வராவிட்டால் அந்த நிறுவனத்தின் குறைதீர்க்கும் நோடல் அதிகாரிக்கு எழுதுங்கள். தனிநபர் புகாரை டிராய் விசாரித்துத் தீர்ப்பதில்லை. டெல்லியில் இருக்கும் டி.டி.சாட்டுக்கு வழக்கமாக சேனல்தான் போகும், போனால் இந்தப் புகார் எண்கள் அவர்களுக்குச் சான்றாக உதவும்.

கேபிளே தேய்கிறதே, இனி எல்லாம் இணையம்தானே என்று கேட்கலாம். தேய்கிறது, உண்மை. 2018-இல் டென், ஹாத்வே என்ற இரு பெரிய கேபிள் நிறுவனங்களின் பெரும்பான்மைப் பங்கை வாங்கிய ரிலையன்ஸ் கையில் இன்று ஜியோ இணையம், நெட்வொர்க்18 செய்திச் சேனல்கள், 2024 நவம்பரில் டிஸ்னியோடு சேர்ந்து அமைத்த ஜியோஸ்டார் வழியாக விஜய் டிவி எல்லாம் இருக்கின்றன. 1990-களில் சன்னும் எஸ்.சி.வி.யும் ஒரு மாநிலத்தில் ஒட்டிப் பிறந்ததைக் கண்டு நாம் பயந்தோம். இது அதே அமைப்பு, நாடு முழுவதற்கும். அன்று அதற்கு எதிராக ஒரு மாநில அரசு போட்டி நிறுவனமாவது நடத்த முடிந்தது.

சுவிட்சும் இடம் மாறிவிட்டது. 2025 பிப்ரவரி 15 அன்று விகடன் இணையதளம் பலருக்குத் திறக்கவில்லை. பிரதமர் மோடி கையில் விலங்குடன் டிரம்ப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் கார்ட்டூனைப் பற்றி அப்போதைய பா.ஜ.க. மாநிலத் தலைவர் அண்ணாமலை புகார் கொடுத்திருந்தார். ஒரு படத்துக்காக மொத்தத் தளமும் முடங்கியது. மார்ச் 6 அன்று சென்னை உயர் நீதிமன்றம் தளத்தைத் திறக்கச் சொன்னது, அந்தக் கார்ட்டூனைத் தற்காலிகமாக நீக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு. அரசு கேபிளில் ஒரு சேனல் மறைந்தால் டி.டி.எச்.சில் பார்க்கலாம், தனியார் கேபிளுக்கு மாறலாம். இணைய நிறுவனங்கள் அனைத்துக்கும் ஒரே உத்தரவு போகும்போது பக்கத்து வீட்டில் போய்ப் பார்க்கவும் வழியில்லை, வி.பி.என். போடத் தெரிந்தவர்கள் மட்டும் அந்த மூன்று வாரமும் விகடன் படித்தார்கள்.